சுவரொட்டியில் இல்லாத பெயர்

தமிழ்நாட்டுத் தியேட்டர்களில் அவருடைய கதைகள் ஓடின. அவர் அறிமுகப்படுத்திய நடிகர்கள் இங்கே நட்சத்திரமானார்கள். ஒரு தமிழ் நாவலாசிரியையின் கதைகளை அவர் மலையாளத்துக்குக் கொண்டுபோனார். ஆனாலும் 45 வயதில் மறைந்த திரைக்கதாசிரியர் பி. பத்மராஜனின் பெயர் தமிழ் ரசிகர்களை வந்தடைய வெகுகாலம் ஆயிற்று.

திருவனந்தபுரம் கிழக்கேகோட்டையில் பஸ்ஸைவிட்டு இறங்கும் தமிழருக்கு வழி கேட்க மலையாளம் தேவைப்படுவதில்லை. கோட்டை வாசலுக்கு உள்ளே பத்மநாப சுவாமி கோயிலும் அக்ரஹாரத் தெருக்களும். வெளியே சாலைக் கடைத்தெருவில் தலைமுறைகளாகத் தமிழ் பேசும் வியாபாரிகள். பக்கத்திலேயே ஸ்ரீபத்மநாபா தியேட்டர். டிசம்பரில் கேரள சர்வதேசத் திரைப்பட விழா நடக்கும்போது இந்தத் தியேட்டரும் விழா அரங்குகளில் ஒன்றாக இருந்திருக்கிறது. கோயிலுக்குப் போகும் கூட்டத்துக்கும் சந்தைக்குப் போகும் கூட்டத்துக்கும் நடுவே, கழுத்தில் அடையாள அட்டையுடன் ஈரானியப் படத்துக்கும் செக் படத்துக்கும் வரிசையில் நிற்கிற கூட்டம் இந்த ஊருக்குப் பழகிப்போன காட்சி.

2016-ம் ஆண்டு விழாவில் வாழ்நாள் சாதனை விருதுக்கு உரியவரானார் செக் இயக்குநர் யிர்ஷி மென்ஸல். சிறிய ரயில் நிலையம் ஒன்றில் நடக்கும் 1966-ம் ஆண்டுப் படம்தான் அவருக்கு உலகப் புகழையும் ஆஸ்கர் விருதையும் தேடித்தந்தது. அதன் கதை பொஹுமில் ஹ்ரபல் என்ற நாவலாசிரியருடையது. திரைக்கதையிலும் அவருக்குப் பங்கு உண்டு. அந்தக் காலத்து செக் சினிமாவைப் பற்றிப் பேசுகிறவர்கள் இயக்குநரின் பெயரோடு எழுத்தாளரின் பெயரையும் சேர்த்தே சொல்கிறார்கள். திருவனந்தபுரத்து ரசிகருக்கு இது புதிய விஷயமல்ல. படத்தை எடுத்தவர் யார் என்பதோடு எழுதியவர் யார் என்றும் கேட்கும் பழக்கம் மலையாள ரசிகர்களுக்கு உண்டு. அந்தப் பழக்கம் வேரூன்றக் காரணமான சிலரில் ஒருவர், கிழக்கேகோட்டையிலிருந்து டவுன் பஸ்ஸில் போய்விடக்கூடிய தூரத்தில், பூஜப்புரயில் வாழ்ந்த பத்மராஜன்.

முதுகுளத்திலிருந்து

ஆலப்புழை மாவட்டம் ஹரிப்பாட்டுக்கு அருகே உள்ள முதுகுளம், சினிமா சரித்திரத்தில் ஏற்கெனவே இடம்பிடித்துவிட்ட கிராமம். 1938-ல் வெளிவந்த முதல் மலையாளப் பேசும் படமான ‘பால’னுக்குத் திரைக்கதை, வசனம் எழுதிய முதுகுளம் ராகவன் பிள்ளை இந்த ஊர்க்காரர். அந்தப் படத்தைத் தயாரித்ததோ சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம். மலையாள சினிமா பேசத் தொடங்கியதே தமிழ்நாட்டு ஸ்டூடியோவில், முதுகுளத்துக்காரரின் வசனத்தில்தான்.

அதே முதுகுளத்தில் 1945 மே 23 அன்று பிறந்தார் பத்மராஜன். படிப்புக்காகத் திருவனந்தபுரம் வந்து, 1963-ல் யுனிவர்சிட்டி கல்லூரியில் ரசாயனத்தில் பட்டம் பெற்றார். பிறகு ஊருக்குத் திரும்பி சமஸ்கிருதம் பயின்றார். ரசாயனமும் சமஸ்கிருதமும் சோறு போடவில்லை. சோறு போட்டது வானொலி. 1965-ல் அகில இந்திய வானொலியின் திருச்சூர் நிலையத்தில் அறிவிப்பாளராகச் சேர்ந்தார். பிறகு திருவனந்தபுரம் நிலையத்துக்கு மாறினார். 1986-ல் தாமாகவே விலகும்வரை அரசாங்கச் சம்பளக்காரராகவே இருந்தார். வானொலியில் உடன் பணியாற்றிய ராதாலட்சுமியை 1970-ல் மணந்துகொண்டார். கணவரைப் பற்றிப் பின்னாளில் அவர் எழுதிய நினைவுக் குறிப்புகள் மலையாளத்தில் பரவலாக வாசிக்கப்பட்டவை. மகன் அனந்தபத்மநாபனும் எழுத்தாளர்.

இருபத்தோரு ஆண்டு வானொலி வேலையைப் பிழைப்பு என்று மட்டும் தள்ளிவிட முடியாது. ஒலிபெருக்கிக்கு முன்னால் உட்கார்ந்திருப்பவருக்கு முகபாவம் உதவாது. சொல் எடுபட வேண்டும், அல்லது மௌனம் எடுபட வேண்டும். பத்மராஜனின் வசனங்களில் மேடைப் பேச்சு கிடையாது. அவருடைய பாத்திரங்கள் பாதி வாக்கியத்தில் நிறுத்திக்கொள்வார்கள். மீதியை எதிரில் இருப்பவர் புரிந்துகொள்வார். ஐம்பதுகளில் அண்ணாதுரை, கருணாநிதியின் அடுக்கு வசனங்களில் ஊறி வளர்ந்த தமிழ்க் காதுக்கு இது வேறு உலகம்.

சினிமாவுக்கு வருமுன்பே அவர் பெயர் பெற்ற சிறுகதை, நாவலாசிரியர். ‘நக்ஷத்ரங்ஙளே காவல்’ என்ற நாவலுக்கு 1972-ல் கேரள சாகித்திய அகாடமி விருது கிடைத்தபோது அவருக்கு வயது 27. அப்போது அவர் எந்தப் படத்திலும் ஒரு வரிகூட எழுதியிருக்கவில்லை.

பரதனோடு கூட்டு

முதல் வாய்ப்பு 1975-ல் வந்தது. கலை இயக்குநராக இருந்து இயக்குநரான பரதனுக்கும் அதுதான் முதல் படம். ‘பிரயாணம்’ என்ற அந்தப் படம், வயதான பூசாரிக்கு வாழ்க்கைப்பட்ட இளம்பெண்ணைப் பற்றியது. நடித்தவர் லட்சுமி. ஓவியக் கண் கொண்ட பரதனும் நாவலாசிரியரின் கண் கொண்ட பத்மராஜனும் சேர்ந்ததும் மலையாளத்தில் புதிதாக ஒரு பாதை பிறந்தது. கே.ஜி. ஜார்ஜ் போன்றவர்களும் அதே பாதையில் நடந்தார்கள். விருதுக்கென்று எடுக்கப்படும் கலைப்படமுமல்ல, வசூலுக்கென்று எடுக்கப்படும் மசாலாவுமல்ல. தியேட்டரில் டிக்கெட் வாங்கி வருகிறவர்களுக்காக எடுக்கப்பட்ட, ஆனால் அவர்களை ஏமாற்றாத படங்கள்.

இந்தக் கூட்டின் இரண்டு படங்கள் தமிழ்நாட்டோடு நேரடித் தொடர்புள்ளவை. இரண்டுக்கும் நேர்ந்த கதி வெவ்வேறு.

முதலாவது, 1978-ல் வந்த ‘ரதிநிர்வேதம்’. பள்ளிப் படிப்பை முடித்த பையனுக்கு, தன்னைவிட மூத்த பக்கத்து வீட்டுப் பெண் மீது ஏற்படும் மோகம்தான் கதை. முடிவில் பாம்பு கடித்து அந்தப் பெண் இறக்கிறாள். பையனோ எதுவும் தெரியாமல் மறுநாள் கல்லூரிக்குக் கிளம்புகிறான். விடலைப் பருவத்தின் வேதனையையும் குற்றவுணர்வையும் பற்றிய படம் இது. தமிழ்நாட்டில் இதைப் பார்க்க முண்டியடித்த கூட்டம் அந்த வேதனைக்காக வரவில்லை. எண்பதுகளில் ‘மலையாளப் படம்’ என்றாலே காலைக்காட்சி, கிளுகிளுப்பு என்று அர்த்தமாகிப்போனது. அந்த வரிசையில் ஜெயபாரதியின் படம் போட்ட ‘ரதிநிர்வேதம்’ சுவரொட்டியும் சேர்ந்துகொண்டது. சாகித்திய அகாடமி விருது பெற்ற நாவலாசிரியர் எழுதிய படம் என்பது வாசலில் நின்றவர்களுக்குத் தெரிய நியாயமில்லை.

இரண்டாவது, எழுபதுகளின் கடைசியில் உருவான ‘தகர’. தாய் தகப்பன் இல்லாத, புத்தி வளராத வாலிபன் தகர. அவனிடம் ஆசையைக் கிளறிவிட்டு வேடிக்கை பார்க்கும் செல்லப்பன் ஆசாரி. இவர்கள் நடுவே சுபாஷிணி என்ற பெண். பிரதாப் போத்தனுக்கும் நெடுமுடி வேணுவுக்கும் பெரும் பெயர் வாங்கித் தந்த படம். இதையே பரதன் 1992-ல் வினீத்தை வைத்து ‘ஆவாரம்பூ’ என்று தமிழில் எடுத்தார். இளையராஜாவின் பாடல்கள் பட்டிதொட்டியெங்கும் ஒலித்தன. அந்தக் கதையை எழுதியவர் இறந்து ஓராண்டு கடந்திருந்தது.

எழுத்தாளர் கையில் காமிரா

1979-ல் பத்மராஜன் இயக்குநரானார். தன் நாவலான ‘பெருவழியம்பல’த்தைத் தானே படமாக்கினார். ஊரே பயந்து நடுங்கும் ரவுடி ஒருவனை, மீசை முளைக்காத பையன் ஒருவன் தற்காப்புக்காகக் கொன்றுவிடுகிறான். ஓடி ஒளியும் பையனுக்கு அடைக்கலம் தருபவர்கள் ஒரு டீக்கடைக்காரரும் ஒரு விலைமாதுவும். ரவுடி உயிரோடு இருக்கும்வரை வாய் திறக்காத ஊர், அவன் செத்த பிறகு பேச ஆரம்பிப்பதுதான் படத்தின் உண்மையான விஷயம். சிறந்த மலையாளப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. அசோகன் என்ற நடிகரும் கிடைத்தார்.

அதே 1979-ல்தான் தமிழில் மகேந்திரன், புதுமைப்பித்தனின் கதை ஒன்றிலிருந்து பொறி எடுத்து ‘உதிரிப்பூக்க’ளை உருவாக்கினார். அதற்கு முந்தைய ஆண்டு உமாசந்திரனின் நாவல் அவர் கையில் ‘முள்ளும் மலரும்’ ஆகியிருந்தது. இலக்கியத்துக்கும் சினிமாவுக்கும் நடுவே இரண்டு மொழியிலும் ஒரே நேரத்தில் கதவு திறந்தது. மலையாளத்தில் அது திறந்தபடியே இருந்தது. தோப்பில் பாசி, எம்.டி. வாசுதேவன் நாயர் என்று திரைக்கதாசிரியரின் பெயருக்காகவே படம் பார்க்கும் வழக்கம் அங்கே முன்பே உண்டு. தமிழில் ‘கதை, திரைக்கதை, வசனம், டைரக்‌ஷன்’ என்று நான்கும் ஒருவர் பெயரில் வருவது நடைமுறையானது. எழுத்தாளர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

மொத்தம் 18 படங்களை இயக்கினார் பத்மராஜன். பிறருக்கு எழுதிக் கொடுத்தவற்றையும் சேர்த்தால் எண்ணிக்கை முப்பதைத் தாண்டும். 1981-ல் வந்த ‘ஒரிடத்தொரு பயில்வான்’ கோலாலம்பூர் ஆசியத் திரைப்பட விழாவில் பரிசு பெற்றது. ‘திங்களாழ்ச்ச நல்ல திவசம்’ (1985) மறுபடி தேசிய விருதைக் கொண்டுவந்தது. வீட்டை விற்றுவிட்டுத் தாயை முதியோர் இல்லத்தில் சேர்க்க நினைக்கும் பிள்ளைகளின் கதை அது. வெளிநாட்டுப் பணம் கேரளக் குடும்பங்களை மாற்றிக்கொண்டிருந்த காலத்தில் அந்தப் படம் பலரைச் சுட்டது.

வேலையை விட்ட 1986-ல் மட்டும் அவர் இயக்கிய நான்கு படங்கள் வெளிவந்தன. காலை அலுவலகம், இரவு எழுத்து, விடுப்பில் படப்பிடிப்பு என்று ஓட்ட முடியாத கட்டம் வந்துவிட்டதை அந்த எண்ணிக்கையே சொல்கிறது.

தமிழிலிருந்து போன கதைகள்

தமிழ் சினிமா பத்மராஜனிடமிருந்து வாங்கியதைப் பற்றிப் பேசும்போது, அவர் தமிழிலிருந்து வாங்கியதையும் சொல்ல வேண்டும். நாவலாசிரியை வாஸந்தியின் ‘மூங்கில் பூக்கள்’ மிசோரம் பின்னணியில் எழுதப்பட்டது. அதுவே 1983-ல் பத்மராஜன் கையில் ஊட்டிப் பள்ளிக்கூடத்துக் கதையாகி, ‘கூடெவிடெ’ ஆனது. பெற்ற தகப்பனின் அன்பு கிடைக்காத முரட்டு மாணவனிடம் பரிவு காட்டுகிறாள் ஆசிரியை. அவளை மணக்கவிருக்கும் ராணுவ அதிகாரிக்குச் சந்தேகம் வருகிறது. அந்தச் சந்தேகம் சிறுவனின் உயிரைக் குடித்துவிடுகிறது. நிலத்தையும் மனிதர்களின் பெயர்களையும் மாற்றினாலும், நாவலின் மையத்தில் இருந்த பெண்ணை அவர் மையத்திலேயே வைத்தார். மகேந்திரனின் ‘நெஞ்சத்தைக் கிள்ளாதே’யில் அறிமுகமான சுஹாசினிக்கு இதுதான் முதல் மலையாளப் படம். மாணவனாக அறிமுகமான ரகுமான் பின்னர் பாலசந்தரின் ‘புதுப்புது அர்த்தங்கள்’ வழியாகத் தமிழ் வீடுகளில் தெரிந்த முகமானார்.

1990-ல் வந்த ‘இன்னலெ’யும் வாஸந்தியின் கதையைத் தழுவியதே. பஸ் விபத்தில் நினைவிழந்த இளம்பெண் புதிய பெயரோடு, புதிய காதலோடு வாழத் தொடங்குகிறாள். அவளைத் தேடி அமெரிக்காவிலிருந்து கணவன் வருகிறான். எதிரே நிற்கும் அவனை அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. அவள் சந்தோஷமாக இருப்பதைப் பார்த்த கணவன், தான் யார் என்று சொல்லாமலே திரும்பிவிடுகிறான். தாலியையும் கண்ணீரையும் காட்டிப் பத்து நிமிடம் வசனம் எழுதியிருக்கக்கூடிய இடம் அது. பத்மராஜன் எழுதியது மௌனம்.

கணக்கு இத்தோடு முடியவில்லை. ‘தெனாலி’ முதல் பல தமிழ்ப் படங்களில் சிரிக்கவைத்த ஜெயராமை 1988-ல் ‘அபரன்’ மூலம் அறிமுகப்படுத்தியவர் அவர்தான். உருவ ஒற்றுமை கொண்ட ஒரு ரவுடியால் நல்லவன் ஒருவனின் வாழ்க்கை தடம் புரளும் கதை அது. அதே ஆண்டில் வந்த ‘மூன்னாம் பக்க’த்துக்கும் மறு ஆண்டு வந்த ‘சீச’னுக்கும் இசை இளையராஜா. கடலில் மூழ்கிய பேரன் உடலாகத் திரும்பி வருவதற்காக மூன்று நாள் கரையில் காத்திருக்கும் தாத்தாவாக ‘மூன்னாம் பக்க’த்தில் திலகன் நடித்ததை மலையாளிகள் இன்றும் பேசுகிறார்கள்.

கற்பு என்னும் கணக்கு

பத்மராஜனை மற்றவர்களிடமிருந்து பிரித்துக் காட்டும் படம் எது என்று கேட்டால் பலரும் 1986-ல் வந்த ‘நமுக்கு பார்க்கான் முந்திரித்தோப்புக’ளைச் சொல்வார்கள். மைசூர்ப் பக்கம் திராட்சைத் தோட்டம் வைத்திருக்கும் சாலமன், பக்கத்து வீட்டு சோஃபியாவை விரும்புகிறான். திருமணம் நடக்கக் கூடாது என்பதற்காகவே அவளுடைய மாற்றாந்தந்தை அவளைப் பலாத்காரம் செய்துவிடுகிறான். அந்த ஆண்டுகளின் இந்திய சினிமாவில் இப்படிப்பட்ட பெண்ணுக்கு இரண்டே வழி. ஒன்று தற்கொலை, இல்லாவிட்டால் கெடுத்தவனுக்கே கழுத்தை நீட்டுவது. சாலமன் தன் டேங்கர் லாரியை ஓட்டிக்கொண்டு வருகிறான், அவளை ஏற்றிக்கொண்டு போகிறான். தியாகம் செய்கிறோம் என்ற பாவனைகூட அவனிடம் இல்லை. மோகன்லாலின் மிகச் சிறந்த வேடங்களில் அதுவும் ஒன்று. சோஃபியாவாக நடித்த ஷாரிக்குக் கேரள மாநில விருது கிடைத்தது.

அதே ஆண்டு வந்த ‘தேசாடனக்கிளி கரயாறில்ல’, பள்ளிச் சுற்றுலாவிலிருந்து ஓடிப்போகும் இரண்டு மாணவிகளைப் பற்றியது. அவர்களுக்கு இடையில் இருப்பது நட்பு மட்டும்தானா என்ற கேள்வியைப் படம் திறந்தே விட்டுவிடுகிறது. இந்தியாவில் இதைப் பேச வார்த்தைகளே இல்லாதிருந்த காலம் அது. 1987-ல் வந்த ‘தூவானத்தும்பிகள்’, திருச்சூர் மனிதர்களை வைத்து அவர் எழுதிய ‘உதகப்போள’ நாவலிலிருந்து பிறந்தது. மழையோடு வந்து மழையோடு போகும் கிளாரா என்ற பெண்ணை, அவள் ‘தொழில்’ என்ன என்று பார்த்துப் படம் எடைபோடுவதில்லை. வந்த நாளில் கிடைத்ததைவிடப் பன்மடங்கு ரசிகர்கள் அதற்குப் பின்னாளில் சேர்ந்தார்கள்.

விமர்சனங்களும் இல்லாமல் இல்லை. பெண்ணின் மனதை எழுதிய அதே கை, பெண்ணின் உடலைச் சுற்றியும் அதிகம் அலைந்தது என்பது ஒரு குறை. ‘ரதிநிர்வேதம்’ போன்ற படங்களைத் தவறாக விற்றார்கள் என்றால், அப்படி விற்பதற்கு இடம் கொடுத்தது யார் என்ற கேள்வியும் நியாயமானதே. கிளாராவே ஓர் ஆணின் கற்பனைதான் என்று சொல்கிறவர்கள் இன்று உண்டு. ஆனால் அந்தப் பெண்கள் யாரும் கதாநாயகனின் கௌரவத்துக்காகச் சாகவைக்கப்பட்டவர்கள் அல்ல. எண்பதுகளின் தென்னிந்திய சினிமாவில் இதைச் சொல்லக்கூடிய திரைக்கதாசிரியர்கள் மிகச் சிலர்.

கந்தர்வன் வந்த ஜனவரி

கடைசிப் படம் ‘ஞான் கந்தர்வன்’. மண்ணுலகப் பெண்ணைக் காதலித்துச் சாபம் வாங்கும் கந்தர்வனாக, தொலைக்காட்சி ‘மகாபாரத’த்தில் கிருஷ்ணராக நடித்து வீடுதோறும் அறிமுகமாகியிருந்த நிதீஷ் பரத்வாஜை நடிக்கவைத்தார். படம் 1991 ஜனவரியில் வெளியானது. கிராமத்து ரத்தமும் சதையுமான மனிதர்களை எழுதியவர் புராணத்துக்குள் போனதைப் பலரால் உடனே ஏற்க முடியவில்லை. படம் ஓடும் தியேட்டர்களுக்கு நேரில் போய் வரும் பயணத்தில் இருந்தார் பத்மராஜன். ஜனவரி 24 அன்று கோழிக்கோட்டில், தங்கியிருந்த ஹோட்டல் அறையில், தூக்கத்தில் இறந்துகிடந்தார். அப்போது அவருக்கு வயது 45.

அவர் விட்டுச்சென்றவை பிறகுதான் முளைத்தன. அவரிடம் உதவி இயக்குநராக இருந்த பிளெஸ்ஸி, 2004-ல் ‘காழ்ச்ச’ மூலம் இயக்குநரானார். 2024-ல் அவருடைய ‘ஆடுஜீவிதம்’ தமிழ்நாட்டிலும் பேசப்பட்டது. அதுவும் நாவலிலிருந்து பிறந்த படம்தான். ‘ரதிநிர்வேதம்’ 2011-ல் மலையாளத்திலேயே மறுபடி எடுக்கப்பட்டது. திருவனந்தபுரத்தில் அவர் பெயரில் இயங்கும் அறக்கட்டளை, சினிமாவுக்கும் சிறுகதைக்கும் விருதுகள் வழங்குகிறது. இரண்டில் ஒன்றை மட்டும் கௌரவித்திருந்தால் பாதி பத்மராஜனைத்தான் கௌரவித்ததாகும்.

அவருடைய திரைக்கதைகள் மலையாளத்தில் புத்தகங்களாக அச்சாகியிருக்கின்றன. படத்தைப் பார்க்காதவர்களும் கதை படிப்பதுபோல் அவற்றைப் படிக்கிறார்கள். இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் கொடுக்கும் வேலைக் குறிப்பாக மட்டும் திரைக்கதை கருதப்பட்டிருந்தால் இது நடந்திருக்காது. தமிழில் திரைக்கதை நூல்கள் இன்னும் அபூர்வம். கதை திருட்டுப் புகார்கள் அபூர்வமல்ல. எழுத்தாளர் சங்கத்திலும் நீதிமன்றத்திலும் போய் நிற்கும் அந்தச் சண்டைகளின் அடியில் இருப்பது ஒரே கேள்விதான்: படத்தை எழுதியவர் யார்?

இப்போது அவருடைய பல படங்கள் இணையத்தில் கிடைக்கின்றன. காலைக்காட்சிச் சுவரொட்டியைப் பார்த்திராத தலைமுறை, எந்த முன்முடிவும் இல்லாமல் அவற்றைப் பார்க்க முடிகிறது. புதிதாகப் பார்க்கிறவர்கள் ‘இன்னலெ’யிலிருந்தோ ‘கூடெவிடெ’யிலிருந்தோ தொடங்கலாம். எழுத்து ஓடும்போது மலையாளப் பெயர் ஒன்றின் அருகில் தமிழ் எழுத்தாளர் ஒருவரின் பெயரும் வரும். இரண்டையும் படித்துவிட்டுக் கதைக்குள் போவது நல்லது.